மழைக்கும் வெயிலுக்கும் நடுவே நூல்கோல்: டெல்டா வீட்டுத்தோட்டத்துக்கு ஒரு வழிகாட்டி

நீலகிரியில் வருஷம் முழுக்க விளையும் காய் நூல்கோல். டெல்டாவில் அதற்குக் கிடைப்பது ஒரு சிறு சந்துதான். வடகிழக்கு மழை ஓயத் தொடங்கும் கார்த்திகைக் கடைசியில் அந்தச் சந்து திறக்கும், வெயில் ஏறும் மாசிப் பாதியில் மூடிக்கொள்ளும். அதற்குள் நாற்றை நட்டு, காயைத் திரள வைத்து, அறுத்துவிட வேண்டும். இங்கே நூல்கோல் போட்டுத் தோற்றவர்களில் பெரும்பாலோர் உரத்திலோ பூச்சியிலோ தோற்கவில்லை, தேதியில்தான் தோற்றார்கள். ஆடிப்பெருக்கன்று மற்ற விதைகளோடு சேர்த்து இதையும் ஊன்றினால் இலை மட்டும் தழைக்கும். பொங்கல் கழித்து விதைத்தால் காய் திரளும், ஆனால் கத்தி இறங்காது.

முதலில் பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். நூல்கோல், நூக்கல் இரண்டும் ஒன்றே. டர்னிப் வேறு. சில கடைகளில் டர்னிப்பையும் நூக்கல் என்றே விற்கிறார்கள், விதை வாங்கும்போது உறையில் உள்ள படத்தைப் பார்த்து வாங்குங்கள். டர்னிப் மண்ணுக்குள் திரளும் கிழங்கு. நூல்கோல் கிழங்கே அல்ல. முட்டைக்கோசு குடும்பத்தில், மண்ணுக்கு ஓரிரு அங்குலம் மேலே தண்டு பருத்து உருண்டையாகும், அந்த உருண்டையின் மேலிருந்தே இலைகள் கிளம்பும். இந்த ஒரு விஷயம் தெரியாததால், கிழங்கு என்று நினைத்து மண் அணைத்து மூடி அழுக வைப்பவர்கள் உண்டு.

தேதிக் கணக்கு

விதைத்து 25 நாளில் நாற்று தயாராகும். நட்டதிலிருந்து 45 முதல் 50 நாளில் காய் அறுக்கலாம். ஆக மொத்தம் 70 முதல் 75 நாள். இதை அறுவடைத் தேதியிலிருந்து பின்னோக்கிக் கணக்கிடுங்கள்.

பொங்கலுக்குக் காய் வேண்டுமானால் நவம்பர் முதல் வாரத்தில், ஐப்பசி 15 தாண்டியதும், விதைக்க வேண்டும். அது மழையின் உச்சம். நாற்றைக் கூரையடியில் வைத்துக் காப்பாற்ற முடிகிறவர்கள் மட்டும் இதில் இறங்கலாம். நடவு நவம்பர் கடைசியில் வரும், அப்போதும் புயல் பயம் தீராது. கஜா கரை கடந்தது 2018 நவம்பர் 16 அன்று என்பதை டெல்டாக்காரர்களுக்கு நினைவூட்டத் தேவையில்லை.

வீட்டுத்தோட்டத்துக்கு நிதானமான தேதி கார்த்திகை 5 வாக்கில், அதாவது நவம்பர் 20ஐ ஒட்டி விதைப்பது. டிசம்பர் நடுவில் நட்டால் பிப்ரவரி முதல் வாரத்தில் காய். டிசம்பர் 5 வாக்கில் இன்னொரு தடவை விதைத்தால் பிப்ரவரி மூன்றாம் வாரத்துக்கு அடுத்த பாத்தி வரும். கடைசி வாய்ப்பு மார்கழி முதல் வாரம். அந்த நாற்று தைப் பிறப்பன்று நிலத்தில் இருக்க வேண்டும், மார்ச் முதல் வாரத்தில் காய் வீட்டுக்கு வந்துவிட வேண்டும். அதற்குப் பிறகு விதைப்பது விதைக்குக் கேடு.

காரணம் இதுதான். நூல்கோலுக்கு இதமான வெப்பம் 15 முதல் 25 டிகிரி வரை. தஞ்சாவூர், திருவாரூர்ப் பக்கம் மார்கழி, தை இரவுகள் 20 டிகிரியை ஒட்டி நிற்கும், பகல் 30ஐத் தொடும். அதுவே இதன் விளிம்பு. மாசி முடிவில் பகல் வெயில் 33, 34 என்று ஏறும்போது தண்டு நாராகத் தொடங்கும். ஒரேயடியாகத் தின்று தீர்க்க முடியாது என்பதால் பதினைந்து நாள் இடைவெளியில் இரண்டு தவணையாக விதைப்பதே வீட்டுக்குப் பொருத்தம்.

விதையும் நாற்றும்

வொயிட் வியன்னா என்ற வெளிர் பச்சை ரகம்தான் இங்கே முதல் தேர்வு. குட்டையானது, சீக்கிரம் திரளும். பர்ப்பிள் வியன்னா பார்க்க அழகு, ஆனால் ஒரு வாரம் பத்து நாள் கூடுதலாகக் கேட்கும். நமக்கு இருக்கிற சந்தில் அந்தப் பத்து நாள் பெரிது. தோலைச் சீவினால் உள்ளே இரண்டும் வெள்ளைதான்.

ஒரு கிராமில் ஏறத்தாழ 300 விதை இருக்கும். நான்கு பேர் உள்ள வீட்டுக்கு ஒரு தவணைக்கு 36 செடி போதும், 45 விதை போட்டால் சரியாக இருக்கும். மிச்ச விதையை ஈரம் படாத டப்பாவில் அடைத்து வையுங்கள். இங்கே செடியிலிருந்து விதை எடுக்க முடியாது. பூப்பதற்கு இதற்குப் பல வாரக் கடுங்குளிர் வேண்டும், அந்தக் குளிர் டெல்டாவுக்கு வருவதில்லை. ஒவ்வொரு வருஷமும் விதை வாங்கத்தான் வேண்டும்.

98 குழி நாற்றுத்தட்டு சிறந்தது. மக்கிய தென்னைநார்க் கழிவு இரண்டு பங்கு, மண்புழு உரம் ஒரு பங்கு கலந்து நிரப்புங்கள். கலவை ஒரு கிலோவுக்கு 5 கிராம் டிரைக்கோடெர்மா விரிடி என்ற நன்மை செய்யும் பூஞ்சைப் பொடி சேர்த்தால் நாற்றழுகல் குறையும். அரை அங்குலத்துக்கும் குறைவான ஆழத்தில் குழிக்கு ஒரு விதை. நான்கைந்து நாளில் முளைக்கும். எறும்பு விதையைத் தூக்கிக்கொண்டு போகும், தட்டை நான்கு செங்கல் மேல் வைத்துச் சுற்றிலும் மஞ்சள்தூள் தூவுங்கள்.

மழைக்குப் பயந்து தட்டைத் திண்ணையிலோ தாழ்வாரத்து மூலையிலோ வைப்பது பொதுவான தவறு. வெளிச்சம் போதாமல் நாற்று நூலாக நீண்டு சாயும். அப்படி நீண்ட நாற்றில் நல்ல உருண்டை திரளாது. மூங்கில் பிளாச்சை வளைத்து நட்டு, மேலே வெள்ளை பாலித்தீன் தாள் போட்டு, இரண்டு பக்கமும் ஒரு சாண் காற்றோட்டம் விட்டால் மழையும் படாது, வெளிச்சமும் குறையாது. அடைமழை நாளில் தண்ணீரே ஊற்ற வேண்டாம். தட்டை விரலால் தொட்டுப் பாருங்கள், மேல்மண் காய்ந்திருந்தால் மட்டும் பூவாளி. நாற்றின் கழுத்து கருத்து மடங்கி விழுந்தால் அது நாற்றழுகல், அதிக ஈரமே காரணம். விழுந்ததைக் குழியோடு எடுத்து எறிந்துவிட்டு, ஒருநாள் காயப் போடுங்கள்.

நான்கைந்து இலை வந்ததும் நடலாம். 30 நாளைத் தாண்டிய நாற்று வேண்டாம். தட்டிலேயே வேர் சுருண்டு முற்றிய நாற்றை நட்டால், செடி வளராமல் எலுமிச்சை அளவிலேயே திரண்டு நின்றுவிடும். மழையால் நடவு தள்ளிப்போகும் என்று தோன்றினால், கையில் உள்ள மிச்ச விதையில் கொஞ்சத்தை ஒரு வாரம் தள்ளித் திரும்பவும் போட்டு வைப்பது நல்லது.

பாத்தி: ஊருக்கு ஊர் வேறு

திருவையாறு, கும்பகோணம் பக்கத்துப் படுகை நிலம் வாய்த்தவர்களுக்கு இந்தப் பகுதி தேவையே இல்லை. வாழையும் வெற்றிலையும் விளையும் அந்த வண்டலில் நூல்கோல் தானாக வரும். மன்னார்குடி, திருத்துறைப்பூண்டிப் பக்கக் களிமண்ணில்தான் வேலை. அந்த மண் மழையில் சேறு, காய்ந்தால் பாளம். அதில் கொஞ்சம் மணல் கலந்தால் இளகும் என்று நினைக்காதீர்கள், செங்கல்போல் இறுகும். ரைஸ் மில்லில் கிடைக்கும் கருக்கிய உமியும் மக்கிய எருவும்தான் களியை இளக்கும். பச்சை உமி போடக் கூடாது, அது மக்கும்போது மண்ணிலுள்ள தழைச்சத்தைத் தனக்கு இழுத்துக்கொள்ளும். பட்டுக்கோட்டை, ஒரத்தநாட்டுச் செம்மண்ணிலும் வேதாரண்யம் மணலிலும் பிரச்சினை எதிர்த்திசையில்: தண்ணீர் நிற்காது. அங்கே எருவை ஒன்றரை மடங்காக்குங்கள்.

பாத்தி 3 அடி அகலம், 10 அடி நீளம். களிமண்ணில் ஒரு அடி உயரம் மேடாக்க வேண்டும், மற்ற இடங்களில் 6 அங்குலம் போதும். சுற்றிலும் தண்ணீர் வடிய ஒரு சிறு வாய்க்கால் வெட்டி, அது எங்கே போய் விழும் என்பதை மழைக்கு முன்பே பார்த்துவிடுங்கள். கொல்லையின் தாழ்ந்த மூலையில் பாத்தி போட்டால் எவ்வளவு உயர்த்தினாலும் வேர் ஊறும். தென்னை நிழல் படாத, குறைந்தது ஆறு மணி நேரம் வெயில் விழும் இடமாக இருக்க வேண்டும்.

இந்த ஒரு பாத்திக்கு நன்றாக மக்கிய தொழுவுரம் 12 முதல் 15 கிலோ, வேப்பம்புண்ணாக்கு அரைக் கிலோ. நடுவதற்குப் பத்து நாள் முன்பே போட்டுக் கொத்திவிடுங்கள். மக்காத சாணியைப் போட்டால் வேர்ப்புழு வரும். அடுப்புச் சாம்பல் நல்லதுதான், ஆனால் ஒரு கைப்பிடிக்கு மேல் வேண்டாம். டெல்டாவில் பல இடத்து மண் ஏற்கெனவே காரம். போன தடவை காயை வெட்டியபோது நடுவில் பழுப்பு நிறமும் பொந்தும் இருந்திருந்தால் போரான் குறைவு. நாட்டுமருந்துக் கடையில் கிடைக்கும் வெங்காரம் 3 கிராமை ஒரு வாளித் தண்ணீரில் கரைத்து பாத்தி முழுக்கத் தெளித்தால் போதும். கை நீட்டி அதிகம் போட்டால் அதுவே நஞ்சு.

சென்ற பருவத்தில் முட்டைக்கோசு, காலிஃபிளவர், முள்ளங்கி, கடுகு இருந்த பாத்தியைத் தவிர்த்துவிடுங்கள். எல்லாம் ஒரே குடும்பம், நோயும் பூச்சியும் ஒன்றே. அவரை, தட்டைப்பயறு, கீரை எடுத்த பாத்தி பொருத்தம்.

நடவு

மாலையில் நடுங்கள். வரிசைக்கு வரிசை ஒரு அடி, செடிக்குச் செடி 10 அங்குலம். 3 அடிப் பாத்தியில் மூன்று வரிசை, வரிசைக்கு 12 செடி, 36 செடி. நெருக்கி நட்டால் காய் நீளமாகி மெலியும், இலை ஒன்றின்மேல் ஒன்று படுத்து அசுவினிக்கு வீடாகும்.

தட்டில் எந்த ஆழத்தில் இருந்ததோ அதே ஆழத்தில் நடுங்கள். விதையிலைக்கு மேலே தண்டு பருக்கப் போகிறது, அதை மண்ணுக்குள் புதைத்துவிடக் கூடாது. நட்டதும் தண்ணீர், மூன்றாம் நாள் உயிர்த்தண்ணீர். அன்றைக்கே காலியான இடங்களில் மிச்ச நாற்றை நட்டு நிரப்பிவிடுங்கள். ஒரு வாரம் கழித்து நிரப்பினால் அந்தச் செடி பக்கத்துச் செடிகளின் நிழலிலேயே கிடக்கும்.

ஒரு வாரத்தில் வேர் பிடித்ததும் இரண்டு அங்குலக் கனத்துக்கு வைக்கோல் பரப்புங்கள். டெல்டாவில் விலைக்கு அலைய வேண்டியதில்லாத ஒரே மூடாக்கு அது. மழைத்துளி மண்ணைத் தெறித்து இலையில் ஒட்டுவதைத் தடுக்கும், தையில் ஈரத்தைப் பிடித்து வைக்கும். தண்டை ஒட்டி மட்டும் இரண்டு விரல் இடம் விடுங்கள்.

தண்ணீரும் உரமும்

நட்ட 20ஆம் நாள் வாக்கில் தண்டு பருக்கத் தொடங்கும். அன்றிலிருந்து அறுவடை வரை செடி ஒருநாளும் வாடக் கூடாது. இந்தக் காயின் ருசி முழுக்க இதில்தான் இருக்கிறது. தடையில்லாமல் வளர்ந்த தண்டு வெண்ணெய்போல் வெட்டுப்படும். ஒரு வாரம் காயவிட்டு மறுபடி ஊற வைத்தால் உள்ளே நார் கட்டும், வெளியே தோல் வெடிக்கும். வெடித்த காயைச் சமைக்கலாம், வைத்திருக்க முடியாது.

மழை நின்ற பிறகு, களிமண்ணில் நான்கு நாளுக்கு ஒருமுறை, வண்டலில் மூன்று நாளுக்கு ஒருமுறை, மணலில் ஒருநாள் விட்டு ஒருநாள். மூன்று நாள் கணக்கில் இந்தப் பாத்திக்கு 30 முதல் 35 லிட்டர், பத்து லிட்டர் பூவாளியில் மூன்றரை. ஒருநாள் விட்டு ஒருநாள் ஊற்றுகிறவர்கள் 20 லிட்டர் ஊற்றினால் போதும். காலையில் ஊற்றுங்கள்.

மேட்டூர் அணையை வழக்கமாக ஜனவரி 28இல் மூடுவார்கள். அதன் பிறகு வாய்க்காலில் தண்ணீர் வடிந்துவிடும், போர்வெல்தான் கதி. நாகப்பட்டினம், வேதாரண்யம் பக்கம் போர்த் தண்ணீர் கடுத்திருக்கும். காய்ந்த மண்மேல் வெள்ளையாக உப்புப் பூத்தால், குளத்துத் தண்ணீரோ சேமித்த மழைத் தண்ணீரோ நடுவில் ஒருமுறை தாராளமாக ஊற்றி உப்பைக் கீழே இறக்குங்கள். அப்படி வழியில்லாதவர்கள் முதல் தவணையோடு நிறுத்திக்கொள்வது மேல்.

மேலுரம் இரண்டு தடவை: நட்ட 15ஆம் நாளும் 30ஆம் நாளும். கடலைப்புண்ணாக்கு கால் கிலோவைப் பத்து லிட்டர் தண்ணீரில் மூன்று நாள் ஊற வைத்து, அதை இன்னும் பத்து லிட்டர் தண்ணீரில் கலந்து செடியடியில் ஊற்றுங்கள். யூரியா போடுபவர்கள் ஒரு பாத்திக்கு ஒரு தடவைக்கு 20 கிராமைத் தாண்ட வேண்டாம், செடியை ஒட்டியும் போட வேண்டாம். 35 நாளுக்குப் பிறகு எதுவும் போடாதீர்கள். கடைசி நேரத்தில் தழைச்சத்து ஏறினால் காய் திடீரென ஊதி வெடிக்கும், அசுவினியும் கூடும்.

வேர் மேலாகவே ஓடும் செடி இது. கோரையைக் களைக்கொத்தால் ஆழக் கிளறினால் நூல்கோல் வேரும் அறும். கையால் பிடுங்குங்கள், வைக்கோல் போட்டிருந்தால் பிடுங்க அதிகம் இருக்காது.

என்னென்ன தின்னும்

இலையின் அடியில் சுரண்டிய கண்ணாடி ஜன்னல்கள், பிறகு சல்லடைத் துளைகள், தொட்டதும் துள்ளி நூலில் தொங்கும் சிறு பச்சைப்புழு: இது வைரமுதுகு அந்துப்பூச்சியின் புழு. இந்தக் குடும்பத்தின் பரம எதிரி. பாத்தியின் இரு ஓரத்திலும் நடவுக்குப் பதினைந்து நாள் முன்பே கடுகு தூவிவிட்டால் அந்து முதலில் கடுகில் போய் முட்டையிடும். அந்தக் கடுகை வேப்பெண்ணெய் தெளித்தோ பிடுங்கிப் புதைத்தோ தீர்க்க வேண்டும். அப்படியே விட்டால் நாமே பூச்சி வளர்த்தது ஆகும்.

வேப்பங்கொட்டைச் சாறு 5 சதம்: இடித்த வேப்பங்கொட்டை 50 கிராமை ஒரு லிட்டர் தண்ணீரில் இரவு முழுக்க ஊற வைத்து, துணியில் வடிகட்டி, ஒரு சிட்டிகை காதி சோப்பு கரைத்து, மாலையில் இலையின் அடிப்பக்கம் படும்படி அடியுங்கள். நூல்கோல் இலை மெழுகுப் பூச்சு உடையது, சோப்பு இல்லாவிட்டால் சொட்டுச் சொட்டாக உருண்டு விழுந்துவிடும். பத்து நாளுக்கு ஒருமுறை. அதற்கும் அடங்காவிட்டால் பேசில்லஸ் துரிஞ்சியென்சிஸ் என்ற நுண்ணுயிர் மருந்தை உறையில் போட்டுள்ள அளவில் தெளிக்கலாம். புழு சிறிதாக இருக்கும்போதுதான் அது வேலை செய்யும்.

இலையடியில் பழுப்பு ரோமம் மூடிய முட்டைக் குவியல் தென்பட்டால் அது புரோடீனியா என்ற இலைதின்னிப் புழுவின் முட்டை. அந்த இலையைக் கிள்ளி நசுக்கினால் நூறு புழு குறையும். தினமும் காலையில் இலையைத் திருப்பிப் பார்ப்பதைவிட நல்ல மருந்து 36 செடிப் பாத்திக்கு இல்லை.

தைப் பனியில் அசுவினி வரும், குருத்து சுருளும். தண்ணீரைப் பீய்ச்சி அடித்து உதிர்த்துவிட்டு, லிட்டருக்கு 5 மில்லி வேப்பெண்ணெயும் சோப்பும் கலந்து தெளியுங்கள்.

இலை விளிம்பிலிருந்து நடு நரம்பை நோக்கி ஆங்கில ‘வி’ வடிவில் மஞ்சள் படர்ந்து, நரம்பு கருத்தால் அது கருப்பு அழுகல். மருந்தால் தீராது. செடியைப் பிடுங்கி எரித்துவிடுங்கள், எருக்குழியில் போட வேண்டாம். மழைத் தெறிப்பிலும் ஈர இலையில் கை படுவதிலும் பரவுவதால், இலை காயும் முன் பாத்திக்குள் கை வைக்காதீர்கள்.

நத்தைக்கு ஈரச் சாக்கை மாலையில் பாத்தியோரம் விரித்து, காலையில் புரட்டிப் பொறுக்கினால் போதும். எலிதான் தொல்லை. சம்பா அறுவடை முடிந்து வயல் காலியானதும் எலிகள் வீட்டுக்கொல்லைக்கு வரும், சரியாக அதே நேரத்தில்தான் நம் காயும் திரண்டிருக்கும். ஒரே இரவில் நாலு காயைக் குடைந்துவிடும். வயலில் கிட்டி என்ற எலிப்பொறி வைப்பவரிடம் சொல்லி, மூங்கிலில் செய்த தஞ்சாவூர்க் கிட்டி இரண்டை வேலியோரம் வைத்துவிடுங்கள். எலி விஷம் வேண்டாம், கோழியும் நாயும் புழங்கும் இடம்.

அறுவடை

நட்ட 40ஆம் நாளிலிருந்து தினமும் பாருங்கள். காயின் குறுக்களவு 2 முதல் இரண்டரை அங்குலம், டென்னிஸ் பந்தை எட்டியதும் அறுத்துவிடுங்கள். இன்னும் நாலு நாள் விட்டால் பெருக்குமே என்ற ஆசைதான் இந்தக் காயைக் கெடுப்பது. பெருக்கும், கூடவே அடியிலிருந்து நார் ஏறும். கடையில் மூன்றரை அங்குலக் காய் பார்த்திருப்பீர்கள், அது மலைக்குளிரில் நிதானமாக வளர்ந்தது. இங்கே அந்த அளவுக்கு விட்டால் கட்டை. பிப்ரவரிக் கடைசியில் அறுப்பதை 2 அங்குலத்திலேயே எடுங்கள்.

சந்தேகமிருந்தால் காயின் அடிப்பாகத்தில் கட்டைவிரல் நகத்தை அழுத்திப் பாருங்கள். நகம் பதிந்தால் பிஞ்சு, வழுக்கினால் முற்றல். மேல்பக்கத்தில் சோதிப்பதில் பயனில்லை, மேல்பாகம் எப்போதும் கடைசியாகத்தான் முற்றும்.

காயைப் பிடித்து இழுக்காதீர்கள், பக்கத்துச் செடியின் வேரும் ஆடும். காய்க்கு ஓர் அங்குலம் கீழே, தண்டு கெட்டியாக உள்ள இடத்தில், கூரான கத்தியால் அறுங்கள். எல்லாம் ஒரே நாளில் வராது. பெரியதை முதலில் எடுத்தால் பக்கத்துச் சிறியதற்கு இடமும் வெளிச்சமும் கிடைத்து பத்து நாளில் அதுவும் வரும். பருவம் தப்பிய மழை அறிவிப்பு வந்தால் மட்டும் இந்த நிதானத்தை விட்டுவிட்டு, தேறியதையெல்லாம் முந்தின நாளே அறுத்துவிடுங்கள். 2021 ஜனவரியிலும் 2023 பிப்ரவரித் தொடக்கத்திலும் அறுவடைச் சம்பாவைச் சாய்த்த மழைபோல ஒன்று வந்தால், திரண்ட நூல்கோல் இரவோடு இரவாக வெடிக்கும்.

ஒரு காய் ஏறத்தாழ 70 முதல் 140 கிராம். பழுதில்லாத பாத்தியில் 3, 4 கிலோ எதிர்பார்க்கலாம்.

அறுத்ததும் இலையைக் காம்போடு நறுக்கிவிடுங்கள், விட்டுவைத்தால் இலை காயின் ஈரத்தை உறிஞ்சும். கழுவாமல் பையில் போட்டு ஃபிரிட்ஜில் வைத்தால் இரண்டு வாரம் கெடாது. வெளியில் மூன்று நாளுக்குமேல் தாங்காது. இளம் இலைகளை எறிய வேண்டாம். உப்புத் தண்ணீரில் பத்து நிமிஷம் போட்டுப் புழு நீக்கி, நடு நரம்பை உரித்து, பாசிப்பருப்புக் கூட்டு வைக்கலாம்.

தோலை உருளைக்கிழங்குபோல் மெல்லச் சீவினால் நார் தங்கும். அடியிலிருந்து மேல்நோக்கி, வெள்ளை நரம்புகள் மறையும்வரை கனமாக உரித்து, அடித்துண்டை அரை அங்குலம் வெட்டி எறிந்துவிட்டுத்தான் சாம்பாருக்கோ குருமாவுக்கோ நறுக்க வேண்டும்.

கடைசிக் காய் அறுத்த அன்றே அடிக்கட்டைகளைப் பிடுங்கிவிடுங்கள். விட்டுவைத்தால் துளிர்த்து, அசுவினியும் அந்தும் அடுத்த கார்த்திகை வரை குடியிருக்க இடம் கிடைக்கும். மேட்டுப்பாத்தியைக் கலைக்காமல், ஒரு கூடை எரு மட்டும் சேர்த்து, மாசியிலேயே வெண்டையோ கொத்தவரையோ ஊன்றலாம்.